வெள்ளைச் சட்டைக்காரரை வெட்டிவிடும்படி எடிட்டர் அம்மணிக்கு

திண்ணனூர் நாடு,
கொல்லிமலை.
மாசி மாதம், மிளகு காயும் நாள்.

மதிப்பும் மரியாதையும் மிக்க எடிட்டர் இர்ஃபானா அம்மணி அவர்களுக்கு,

மிளகு விவசாயி அர்த்தனாரி பணிவுடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும், என் சம்சாரம் பெருமாயியும், களத்தில் காயும் மிளகும், என் முழங்கால் வலியும் ஆண்டவன் புண்ணியத்தில் நல்லபடியாக இருக்கிறோம். அங்கே சென்னையில் தாங்களும் தங்கள் கம்ப்யூட்டரும் ஒரு குறையும் இல்லாமல் இருக்க அறப்பளீஸ்வரரை வேண்டிக்கொள்கிறேன். சேந்தமங்கலத்தில் மிளகு மண்டி வைத்திருக்கும் தங்கள் தகப்பனார் ஹபீப் ரஹ்மான் பாய் அவர்களுக்கும், தாயார் நஸீம் பானு அம்மாவுக்கும் என் வணக்கத்தைச் சொல்லவும். தாங்கள் சின்னப் புள்ளையாக அந்த மண்டியில் மூட்டைமேல் உட்கார்ந்துகொண்டு, வருகிற ஆளுக்கெல்லாம் தும்மல் வருகிறதா என்று கேட்டுக்கொண்டிருந்த காலத்திலிருந்து தங்களை எனக்குத் தெரியும். அந்த உரிமையில்தான் இதை எழுதத் துணிந்தேன். போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் எங்கள் ஊட்டில் சிக்னல் கிடைப்பது வாசலுக்கு மேலே இருக்கிற பாறையில் மட்டும்தான். அதன்மேல் ஏறி நின்று பேசினால் பெருமாயிக்கு மட்டுமல்ல, எதிர்ச் சரிவில் மரவள்ளி பிடுங்குகிறவர்களுக்கும் சேர்த்துக் கேட்கும். இது அப்படிக் கேட்கக்கூடிய விஷயம் இல்லை.

விஷயம் என்னவென்றால், தாங்கள் ஒட்டிச் சேர்த்திருக்கும் எங்கள் ஊர்க் கும்மிப் படத்தில், பலா மரத்தடியில், வெள்ளைச் சட்டை போட்டு, கையைக் கட்டிக்கொண்டு ஒரு ஆள் நிற்கிறான் அல்லவா, அவனைத் தயவுகூர்ந்து வெட்டி எடுத்துவிட வேண்டும். அந்த ஆள் நான்தான்.

இதை ஏன் கேட்கிறேன் என்று விளக்கமாகச் சொல்லாவிட்டால் தாங்கள் என்னைப் பைத்தியக்காரன் என்று நினைத்துக்கொள்வீர்கள். தங்கள் டைரக்டர் ராதிகா அம்மணி ஐப்பசி மாதம் கேமராப் பெட்டியோடு மலையேறி வந்தது. ஐப்பசியில் இங்கே வெயிலைத் தேடுவது கிணற்றுக்குள் காற்றாடி விடுகிற மாதிரி என்று அதற்கு யாரும் சொல்லவில்லை போலும். மகளிர் குழுத் தலைவி கோகிலா ஊட்டில்தான் தங்கியது. முதல் நாளே எங்களையெல்லாம் உட்கார வைத்துக் கேமராவைக் காட்டியது. "ஐயா, இப்ப போன்ல எடுத்தாக் கலர் தானா வந்துடும். நான் எடுக்கப்போறது, சினிமாவுல கலர் புடிக்கக் கத்துக்கிட்ட புதுசுல எடுத்த மாதிரி. இதுக்குள்ள இருக்கிற சுருள் வெறும் கறுப்பு வெள்ளைதான். லென்ஸுக்கு முன்னாடி இந்தச் சக்கரம் சுத்தும். இதுல சிவப்பு, பச்சை, நீலம்னு மூணு கண்ணாடி. ஒரு படம் சிவப்பு வழியா விழும், அடுத்தது பச்சை வழியா, அதுக்கடுத்தது நீலம் வழியா. சென்னையில இர்ஃபானா அந்த மூணையும் ஒண்ணுமேல ஒண்ணு வெச்சா, கலர் வந்துடும்" என்றது.

கோகிலா, "போன்லயே எடுத்துட்டுப் போகாம எதுக்கு அம்மணி இம்புட்டுச் சுத்து?" என்று கேட்டாள். "அந்தக் காலத்துல ஆட்டத்தைக் கலர்ல புடிக்கணும்னு எத்தனையோ பேர் தலைகீழா நின்னு பாத்திருக்காங்க. சரியா வரல. ஏன் வரலன்னு நானே கையால செஞ்சு பாக்கணும்" என்றது ராதிகா அம்மணி. என் பங்காளி ராசப்பன் சும்மா இருக்க மாட்டானே. "வராதுன்னு தெரிஞ்சுக்கவா அம்மணி அத்தனை கொண்டை ஊசி வளைவு ஏறி வந்தீங்க?" என்றான். எல்லாரும் சிரித்தோம். அன்றைக்கு நானும் சிரித்தேன். அதுதான் இந்தப் படம் சம்பந்தமாக நான் கடைசியாகச் சிரித்தது.

அந்தச் சக்கரத்துக் கண்ணாடி மூன்றும் வெளிச்சத்தைக் குடித்துவிடுமாம், ஆகையால் சுள்ளென்று வெயில் இருந்தால்தான் படம் விழுமாம். வெயில் எங்கே வந்தது? விடிந்தால் பனிமூட்டம், மத்தியானம் மழை, சாயங்காலம் மறுபடி மூட்டம். எந்த நேரத்தில் வெயில் எட்டிப்பார்க்கும் என்று தெரியாததால், பொம்பளைகள் எல்லாரும் விடிகாலையிலேயே பட்டுச் சேலை கட்டி, பூ வைத்து, பவுடர் போட்டுக்கொண்டு, அப்படியே காட்டு வேலைக்குப் போக ஆரம்பித்தார்கள். கோகிலா ஒட்டியாணத்தோடு சாமைக் காட்டில் களை பிடுங்கினாள். கீழேயிருந்து அன்னாசிப்பழம் ஏற்ற வந்த லாரி டிரைவர் இவர்களைப் பார்த்துவிட்டு, ஏதோ பெரிய கோயில் விசேஷம் என்று நினைத்து, வண்டியை நிறுத்திச் செருப்பைக் கழற்றிவிட்டு, சாமி எந்தப் பக்கம் என்று கேட்டான். மூட்டம் எப்போது விலகினாலும் ராதிகா அம்மணி விசில் ஊதும். ஊதினவுடன் மலையெல்லாம் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு ஓடிவரும். வந்து வட்டம் கட்டி நிற்பதற்குள் மூட்டம் மறுபடி இறங்கிவிடும்.

இதில் எனக்கு என்ன வேலை என்றால், எங்கள் ஊர்க் கும்மியில் பொம்பளைகள் மட்டும் ஆடுவதில்லை, புருசன் பெஞ்சாதியாகச் சேர்ந்து ஆடுவோம். நான் ஆடி வெகு காலமாச்சு. முழங்கால் ஒரு சாக்கு. பெருமாயிதான், "ஏனுங்க, இந்த ஒரு தடவை நீங்களும் வாங்க" என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். நானும் சரியென்று, யாருக்கும் சொல்லாமல் செம்மேட்டுக்குப் போய் ஒரு வெள்ளைச் சட்டை எடுத்தேன். கலர்ப் படம் எடுக்கிறார்களே, வெள்ளை எதற்கு என்று தாங்கள் கேட்கலாம். கல்யாணத்துக்குப் போனாலும் கலெக்டர் ஆபீசுக்குப் போனாலும் ஆம்பளைக்கு வெள்ளைதான் மரியாதை என்று நினைக்கிறவன் நான்.

ஒரு நாள் நிசமாலுமே வெயில் வந்தது. விசில் ஊதியது. நான் புதுச் சட்டையின் அட்டையைப் பிரித்து, குண்டூசியெல்லாம் எடுத்து, மாட்டிக்கொண்டு ஓடினேன். ராதிகா அம்மணி என்னைப் பார்த்தவுடன், "ஐயோ ஐயா, வெள்ளை வேண்டாங்க, இந்த வெயில்ல எரிஞ்சுபோன மாதிரி விழும். வேற சட்டை மாத்திட்டு வந்துடுங்களேன்" என்றது. அது தப்பாக ஒன்றும் சொல்லவில்லை அம்மணி. அந்தப் புள்ளை எப்போதும் பதவிசாகத்தான் பேசும். ஆனால் வட்டத்தில் நின்ற ராசப்பன், "மாப்பிள்ளை சட்டைய மாத்திட்டு வரட்டும், முகூர்த்தம் தப்பிடப்போகுது" என்றான். ஊரே சிரித்தது. எனக்கு எங்கேயிருந்துதான் அந்த வீம்பு வந்ததோ. "அப்படின்னா நான் ஆடல" என்று சொல்லிவிட்டேன்.

பெருமாயி வட்டத்தை விட்டு வெளியே வந்தாள். மெதுவாகத்தான் சொன்னாள். "ஒரு சட்டைதானுங்க. ஊடு பக்கத்துலதான இருக்குது. ஒரு எட்டு மாத்திட்டு வாங்க."

"நான் ஆடலைன்னா ஆடல. நீ போய் ஆடு."

"பக்கத்துல ஆள் இல்லாம நான் எப்படிங்க ஆடறது?"

"அதான் சிரிக்கிறதுக்கு ஊரே நிக்குதே. அவங்களோட ஆடு" என்றேன். கொஞ்சம் சத்தமாகவே சொல்லிவிட்டேன்.

சொல்லிவிட்டுப் போய்ப் பலா மரத்தடியில், ராசப்பனுடைய எருமைக்குப் பக்கத்தில், கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். கும்மி ஆரம்பித்தது. நான் அந்தப் பக்கமே பார்க்கவில்லை. மரத்தில் ஏறியிருந்த மிளகுக்கொடியில் காய் எப்படிப் பிடித்திருக்கிறது என்று பார்க்கிற மாதிரி அண்ணாந்து நின்றேன். ஆட்டம் முடிகிற வரைக்கும் நான் அசையவில்லை. கொசு கடித்தது, அப்போதும் அசையவில்லை. கோபம் வந்தால் எங்கள் வம்சமே அப்படித்தான், எங்க அப்பாரு ஒரு தடவை கோவிச்சுக்கிட்டு மழையிலயே நின்னவரு.

அப்புறம் ராதிகா அம்மணி போயிருச்சு, நாங்களும் மறந்துட்டோம். போன வாரம் மறுபடி வந்துச்சு. நீங்க ஒட்டிக் குடுத்த படத்தைக் கொண்டாந்திருந்துச்சு. ஊருக்குப் போட்டுக் காட்டாம சென்னையில காட்ட மாட்டேன்னு சொல்லுச்சு. மத்தியானம் பள்ளிக்கூடத்துலதான் போட்டாங்க. இருட்டு வேணும்னு ஜன்னலுக்கெல்லாம் சாக்குக் கட்டுனாங்க. எல்லாம் மிளகுச் சாக்கு. படம் ஆரம்பிக்கறதுக்குள்ளயே ஊரு பூராத் தும்மல். நீங்க மண்டியில கேட்ட கேள்விக்கெல்லாம் அன்னைக்குத்தான் மொத்தமாப் பதில் கெடச்சுது அம்மணி.

படம் ஓடுச்சு. மொதல்ல எங்களுக்கு ஒண்ணும் புரியல. மலை இருக்குது, அச்சாப் பச்சையா இருக்குது. பள்ளிக்கூடத்து ஓடு செவப்பா இருக்குது. நடுவுல என்னமோ சாமியாடற புகை மாதிரி செவப்பும் பச்சையும் நீலமுமாச் சுத்துது. கோகிலாதான் மொதல்ல எந்திரிச்சா. "அந்த மூணு பேரு யாரு?"

"அது மூணு பேரில்லீங்க அக்கா. நீங்க ஒருத்திதான்" அப்படின்னுச்சு ராதிகா அம்மணி. "சிவப்புக் கண்ணாடி உங்களைப் புடிச்சப்ப நீங்க ஒரு இடத்துல இருந்தீங்க. பச்சைக்கு வர்றதுக்குள்ள நகந்துட்டீங்க. நீலம் வர்றதுக்குள்ள இன்னும் நகந்துட்டீங்க. அதான் மூணா உடைஞ்சு தெரியறீங்க. அந்தக் காலத்துல படம் எடுத்தவங்களுக்கும் இதே தலைவலிதான். பூவையும் மலையையும் புடிச்சிருவாங்க. ஆடறவங்களைப் புடிக்க முடியாது."

அது தெரிஞ்சதும் ஊருக்கு ஒரே குஷி. அதா எங்கம்மா, அதா எங்கத்தைன்னு ஆளாளுக்கு அவங்கவங்க புகையக் கண்டுபுடிச்சாங்க. ராசப்பனுக்கு மீசை பச்சையா ஒரு பக்கமும் வாய் செவப்பா ஒரு பக்கமும் தனித்தனியாப் போயிட்டிருந்துச்சு. அவன் எருமை மட்டும் நல்லாக் கறுப்பா வந்திருந்துச்சு, வாலைத் தவிர. வாலு மட்டும் மூணு.

அப்பத்தான் யாரோ, "அட, அர்த்தனாரி மாமாவப் பாருங்கடா" அப்படின்னாங்க.

அம்மணி, நானும் பாத்தேன். அத்தனை புகைக்கு நடுவுல ஒரே ஒரு மனுசன் முழுசா நிக்கறான். சட்டை பளீர்னு வெள்ளை. அட்டையில மடிச்சு வெச்ச கோடு நாலும் தெரியுது. கழுத்துல சுருக்கம் தெரியுது, வெத்தலை போட்ட வாய் தெரியுது, மூஞ்சி தெரியுது. மிளகுக்கொடியப் பாக்கற மூஞ்சியா அது? வேப்பெண்ணெயக் குடிக்க வெச்ச கொழந்தை மூஞ்சி. ராதிகா அம்மணி வேற சந்தோசமா, "இந்தப் படத்துலயே சரியா வந்தது ஐயா மட்டும்தாங்க! அவர் அசையவே இல்ல. வெள்ளை வரணும்னா மூணு கலரும் அச்சா ஒண்ணுமேல ஒண்ணு உக்காரணும். இர்ஃபானா இவர் சட்டையப் பாத்துத்தான் மொத்தப் படத்தையும் சேத்து ஒட்டியிருக்கா" அப்படின்னுச்சு. வேண்டாம்னு சொன்ன அதே சட்டை! ஊரே கை தட்டுச்சு. இப்ப எல்லாக் குஞ்சு குளுவானுக்கும் நான் 'கலர் மாமா'. நேத்துச் சந்தைக்குப் போறப்ப பஸ் கண்டக்டரும், "கலர் மாமா, உள்ள தள்ளி நில்லுங்க. நிக்கறதுதான் உங்களுக்குக் கைவந்ததாச்சே" அப்படிங்கறாரு.

கேலிக்காகத்தான் வெட்டச் சொல்றேன்னு நெனச்சுக்காதீங்க கண்ணு. கேலிய நான் தாங்கிக்குவேன். சொல்ல வந்தது வேற. படத்துல இன்னொண்ணு இருக்குது, நீங்களும் பாத்திருப்பீங்க, என்னன்னு உங்களுக்குத் தெரிஞ்சிருக்காது.

வட்டம் சுத்தி வருதில்ல. ஒரு புகை மட்டும் எனக்கு நேரா வர்றப்ப கொஞ்சம் நின்னு போகுது. உடம்பு ஆடிட்டுத்தான் இருக்குது, மொகம் தெரியல, சேலை தெரியல, எல்லாம் மூணு மூணா இழுத்துட்டுப் போகுது. ஒரு கை மட்டும் வெளிய நீளுது. நீட்டுன கை அப்படியே நிக்குது. நின்னதும் செவப்பு, பச்சை, நீலம் மூணும் ஓடிவந்து ஒண்ணாச் சேருது, கையி கலராகுது. கண்ணாடி வளையல் தெரியுது. மரவள்ளி சீவறப்ப வெட்டிக்கிட்ட தழும்பு தெரியுது. அது பெருமாயி கை. எனக்கு நேரா நீட்டிட்டு நிக்குது. நான் அண்ணாந்து மிளகு பாத்துட்டு நிக்கறேன். கொஞ்ச நேரம் பாத்துட்டு அந்தக் கை மறுபடி மூணா உடைஞ்சு வட்டத்தோட போயிருது. அடுத்த சுத்துக்கு மறுபடி வருது. மறுபடி நீளுது. மறுபடி கலராகுது. ஒவ்வொரு சுத்துக்கும் கூப்புட்டிருக்கா அம்மணி. நான் பாக்கவே இல்ல.

கடைசிச் சுத்துல கை வரல.

அதுக்கப்புறம் பள்ளிக்கூடத்துல யாரு சிரிச்சாங்க, யாரு தும்முனாங்கன்னு எனக்குத் தெரியாது. பெருமாயி எனக்கு ரெண்டு வரிசை முன்னாடி பொம்பளைங்களோட உக்காந்திருந்தா. அவ திரும்பியே பாக்கல.

ஊட்டுக்கு நடந்து வர்றப்ப நான்தான் பேச்செடுத்தேன். "நீ கை நீட்டுனத நான் பாக்கவே இல்ல புள்ள. சத்தியமாப் பாக்கல."

"தெரியுமுங்க" அப்படின்னா.

கொஞ்ச தூரம் போனதும் அவளே கேட்டா. "பாத்திருந்தா வந்திருப்பீங்களா?"

கோவமாக் கேக்கலீங்க. கோவமாக் கேட்டிருந்தா நானும் ஏதாச்சும் கத்தியிருப்பேன், ரெண்டு நாள்ல சரியாப் போயிருக்கும். தெரிஞ்சுக்கணும்னு கேட்டா. வந்திருப்பேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அந்த நேரத்துல என் வாய்க்கு என்ன கேடு வந்துச்சோ, யோசிக்க ஆரம்பிச்சுட்டேன். நெசமா வந்திருப்பனா, சட்டை, ராசப்பன், ஊரு சிரிச்சது எல்லாத்தையும் விட்டுட்டு வந்திருப்பனான்னு யோசிச்சுட்டே நடந்தேன். யோசிச்சு முடிக்கறதுக்குள்ள ஊடு வந்துருச்சு. அவ உள்ள போயிட்டா.

அன்னைக்கிருந்து அவ என்கிட்ட எதையும் கேக்கறதில்ல. சண்டை இல்ல, பேசாம இருக்கறதும் இல்ல. முன்னெல்லாம், "ஏனுங்க, சாப்பிட வாரீங்களா? ஏனுங்க, தோட்டத்துக்கு வாரீங்களா? ஏனுங்க, சந்தைக்கு வாரீங்களா?" அப்படின்னு நாள் பூராக் கேட்டுட்டே இருப்பா. நானும் 'பாக்கலாம்', 'பாக்கலாம்'னு சொல்லிட்டே இருப்பேன். இப்ப, "சோறு வெச்சிருக்குது" அப்படிங்கறா. "தோட்டத்துக்குப் போறேன்" அப்படிங்கறா. அவ்வளவுதான். கேள்வியே இல்ல. ஒரு ஊட்டுல ஒருத்தர் கேக்கறத நிறுத்திட்டா எவ்வளவு சத்தம் கொறஞ்சு போகுதுன்னு எனக்கு இப்பத்தான் தெரியுது.

ராதிகா அம்மணி இந்தப் படம் நூறு வருசத்துக்குப் பத்திரமா இருக்கும்னு சொல்லுச்சு. நல்லதுக்குத்தான் சொல்லுச்சு. நான் பயந்துபோயிட்டேன். நூறு வருசமும் அவ கை நீட்டிட்டே இருக்கணும், நூறு வருசமும் நான் மிளகு பாத்துட்டே நிக்கணுமா? ஆகையினால, எடிட்டர் அம்மணி, அந்த ஆளை வெட்டிருங்க. எடுத்துட்டு அங்க ஒரு கல்லு வெச்சாலும் சரி. எருமைய ரெண்டாக்குனாலும் சரி. சட்டைய வெச்சுத்தான் கலர் ஒட்டணும்னா சட்டைய மட்டும் கொடியில காயப்போட்ட மாதிரி விட்டுட்டு ஆளை எடுத்துருங்க. இல்ல, கம்ப்யூட்டர்ல எதை வேணாப் பண்ணலாம்னு சொல்றாங்களே, அது நெசம்னா, அவன் கட்டுன கைய அவுத்துவிட்டு, ஒரு அடி முன்னால தள்ளி, வட்டத்துக்குள்ள விட்ருங்க. மூணா உடைஞ்சா உடையட்டும். மூஞ்சி தெரியாட்டிப் போகட்டும். எனக்கு அதுதான் வேணும்.

இதனால் தங்களுக்கு உண்டாகும் சிரமத்தைப் பொறுத்தருள வேண்டும். தங்கள் கண்ணுக்கும் கைக்கும் ஒரு நோவும் வராமல், தொட்டதெல்லாம் துலங்கி, தாங்கள் பெரிய பேரும் புகழுமாக விளங்க வேண்டும் என்று இந்த மலையில் இருந்துகொண்டு மனதார வாழ்த்துகிறேன். பாய் அவர்களிடம் இந்தக் கடித விவரத்தைச் சொல்ல வேண்டாம். மண்டியில் சொன்னால் அது மிளகைவிட வேகமாக ஊர் ஊராகப் போய்ச் சேரும்.

இப்படிக்கு,
தங்கள் விசுவாசமுள்ள,
அர்த்தனாரி

பின்குறிப்பு: கடிதத்தை உறையில் போட்டு ஒட்டியாகிவிட்டது. பிரித்து எழுதுகிறேன். மேலே எழுதின எதையும் செய்ய வேண்டாம். வெட்டவும் வேண்டாம், நகர்த்தவும் வேண்டாம், கல்லும் வேண்டாம். இன்னைக்கு மத்தியானம் நான் தபால்தலை வாங்கப் போயிருந்தப்ப நீங்களே பெருமாயிக்குப் போன் பண்ணி, சென்னையில பெரிய தியேட்டர்ல இந்தப் படத்தைப் போடறாங்க, ஊர்க்காரங்க எல்லாம் வரணும்னு கூப்பிட்டீங்களாம். எனக்கு அப்ப அதெல்லாம் தெரியாது. நான் திரும்பி வர்றேன், அவ பாறைமேல நின்னுட்டிருக்கா, கையில போன். என்னைப் பாத்ததும் போனை இடுப்புல செருகுனா. அப்புறம் கீழ எறங்கிவந்து, "ஏனுங்க, வாரீங்க..." அப்படின்னு ஆரம்பிச்சா அம்மணி. அவ முடிக்கறதுக்குள்ள "வாரேன்" அப்படின்னுட்டேன். எங்கேன்னு அப்புறம்தான் கேட்டேன்.